பெர்னார்ட் ஷாவின் சாக்லேட் சிப்பாயைத் தமிழ் மேடைக்குக் கொண்டுவருவது எப்படி

ஜார்ஜ் பெர்னார்ட் ஷாவின் 'ஆர்ம்ஸ் அண்ட் தி மேன்' நாடகத்தில் பாத்திரங்கள் எட்டே பேர்; பெண்கள் மூவர், ஆண்கள் ஐவர். மூன்று அங்கங்களும் ஒரே வீட்டைச் சுற்றியே நடக்கின்றன. போரைப் பற்றிய நாடகம் என்றாலும் போர்க்களம் ஒருமுறைகூட மேடைக்கு வருவதில்லை. கையில் அதிகப் பணமில்லாத குழுக்களும் கல்லூரி மாணவர்களும் இதைத் தேடி எடுப்பதற்கு இந்த வசதிகளே காரணம். ஆங்கில இலக்கியம் படித்த பலருக்கு இது பாடமாகவும் இருந்திருப்பதால், கதையை விளக்கிச் சொல்ல வேண்டிய தேவையும் குறைவு. ஆனால் எளிதாகத் தோன்றும் இந்த நாடகம் எளிதாகக் கெட்டும்போகும். சிரிப்பு நிறைய வந்து, சொல்ல வந்த விஷயம் ஒன்றுகூடப் பார்வையாளரிடம் போய்ச் சேராமல் முடிந்த மேடையேற்றங்களை நான் பார்த்திருக்கிறேன். அப்படி நேராமல் இருக்க என்னென்ன செய்யலாம் என்பதை, ஒத்திகைக்கு உதவும் வகையில் இங்கே எழுதுகிறேன்.

கதையைச் சுருக்கமாக நினைவூட்டிவிடுகிறேன். 1885 நவம்பரில் பல்கேரியாவுக்கும் செர்பியாவுக்கும் போர் நடக்கிறது. பல்கேரியச் செல்வந்தர் பெட்கோஃபின் மகள் ரெய்னா, குதிரைப்படைத் தாக்குதலை முன்னின்று நடத்தி வெற்றிவாகை சூடிய தன் வருங்காலக் கணவன் செர்ஜியஸை எண்ணிப் பூரித்திருக்கும் இரவில், தோற்றோடிவரும் செர்பியப் படையைச் சேர்ந்த புளூன்ட்ஷ்லி என்ற சுவிஸ் கூலிச் சிப்பாய் பால்கனி ஏறி அவளது படுக்கையறைக்குள் புகுந்துவிடுகிறான். அவன் கைத்துப்பாக்கியில் தோட்டா இல்லை; தோட்டாப்பையில் தோட்டாவுக்குப் பதிலாகச் சாக்லேட் வைத்திருப்பவன் அவன், அதுவும் தீர்ந்துவிட்டது. ரெய்னா கொடுக்கும் கிரீம் சாக்லேட்டுகளை அள்ளித் தின்றுவிட்டு, செர்ஜியஸின் தாக்குதல் எப்படிப்பட்டது என்பதை அவளிடமே விளக்கிவிட்டு, தூங்கிப்போகிறான். இரண்டாம், மூன்றாம் அங்கங்கள் 1886 மார்ச்சில், சமாதான ஒப்பந்தம் கையெழுத்தான சில நாள்களில் நடப்பவை. செர்ஜியஸ் திரும்பி வருகிறான். இரவல் வாங்கிப் போன கோட்டைத் திருப்பிக் கொடுக்கும் சாக்கில் புளூன்ட்ஷ்லியும் வருகிறான். ஜோடிகள் மாறுகின்றன.

முதல் வேலையாக, நாடகம் 1894 ஏப்ரல் 21 அன்று லண்டன் அவென்யூ தியேட்டரில் முதன்முதலாக மேடையேறிய இரவைப் பற்றிக் குழுவினருக்குச் சொல்லுங்கள். அரங்கம் சிரிப்பால் அதிர்ந்தது. முடிவில் ஷா திரைக்கு முன் வந்து நின்றபோது கைத்தட்டலுக்கு நடுவே ஒரேயொருவர் மட்டும் கூச்சலிட்டு எதிர்ப்புக் காட்ட, ஷா அவரைப் பார்த்து, நானும் உங்கள் கட்சிதான், ஆனால் இவ்வளவு பேருக்கு எதிராக நாம் இருவர் என்ன செய்ய முடியும் என்று கேட்ட கதை புகழ்பெற்றது. எல்லோரும் இதை ஒரு துடுக்கான பதிலாக மட்டுமே சொல்லிச் சிரிப்பார்கள். ஆனால் அதே ஆண்டின் இறுதியில் நாடகாசிரியர் ஹென்றி ஆர்தர் ஜோன்ஸுக்கு எழுதிய கடிதத்தில், அந்தச் சிரிப்பு வெள்ளத்தின் நடுவே நாடகம் முற்றாகத் தோற்றுவிட்டது என்று அறிந்திருந்தவன் அரங்கில் தான் ஒருவன் மட்டுமே என்ற பொருளில் ஷா வருந்தியிருக்கிறார். மக்கள் சிரித்தது கேலிக்கூத்தைப் பார்த்து. அவர் காட்ட நினைத்ததோ, உண்மை தட்டும்போது தம் கனவு நொறுங்குவதை உணரும் உண்மையான மனிதர்களை. ஆகவே, ஒத்திகையின் முதல் நாளிலேயே ஒரு விதியை வகுத்துக்கொள்ளுங்கள்: மேடையில் இருப்பவர் எவருக்கும் தாம் ஒரு நகைச்சுவை நாடகத்தில் இருப்பது தெரியக் கூடாது.

இந்த விதி முதலில் மீறப்படுவது செர்ஜியஸ் விஷயத்தில்தான். மீசையை முறுக்கி, நெஞ்சை நிமிர்த்தி, வாளை உருவி உருவிக் காட்டும் ஒரு கோமாளியாக அவனை ஆக்கிவிட எந்த நடிகருக்கும் கை துறுதுறுக்கும். அப்படிச் செய்தால் முதல் பத்து நிமிடம் அரங்கம் சிரிக்கும். அதன் பிறகு அவன் என்ன பேசினாலும் யாருக்கும் பொருட்டில்லை. அங்கதம் தைக்க வேண்டுமென்றால் அதன் இலக்கு கம்பீரமாக இருக்க வேண்டும். செர்ஜியஸ் மேடைக்கு வரும்போது, ரெய்னா இவனை நேசித்ததில் வியப்பில்லை என்று பார்வையாளர் நினைக்க வேண்டும். 1944-இல் லண்டன் ஓல்ட் விக் குழு இந்த நாடகத்தை எடுத்தபோது ரால்ஃப் ரிச்சர்ட்சன் புளூன்ட்ஷ்லியாகவும் லாரன்ஸ் ஒலிவியே செர்ஜியஸாகவும் நடித்தார்கள். அந்தப் பாத்திரத்தை ஒலிவியே அடியோடு வெறுத்திருந்தார். நாடகத்தைப் பார்த்த இயக்குநர் டைரோன் கத்ரி அவரிடம், செர்ஜியஸை உங்களுக்குப் பிடிக்கவில்லையா, பிடிக்காதவரை அவனாக உங்களால் நடிக்கவே முடியாது என்று சொன்னதாகவும், தம் நடிப்பு வாழ்வையே திருப்பிப்போட்ட சொல் அது என்றும் ஒலிவியே பிற்காலத்தில் நினைவுகூர்ந்தார். உங்கள் செர்ஜியஸிடமும் இதையே கேளுங்கள்.

நேசிப்பதற்கான ஆதாரங்களை ஷா வசனத்திலேயே வைத்திருக்கிறார். போரிலிருந்து திரும்பும் செர்ஜியஸ் ஏற்கெனவே மனம் உடைந்தவன். தவறான முறையில் வென்றதற்காகத் தனக்குப் பதவி உயர்வு இல்லை என்பதும், சரியான முறையில் தோற்றவர்கள் மேலே போய்விட்டார்கள் என்பதும் அவனுக்குத் தெரியும். போர்த்தொழில் என்பது பலமாக இருக்கும்போது இரக்கமின்றித் தாக்குவதும் பலவீனமாக இருக்கும்போது ஒதுங்கி நிற்பதுமான கோழையின் கலை என்ற கசப்பான வரியை ஷா புளூன்ட்ஷ்லிக்குத் தராமல் இவனுக்குத்தான் தந்திருக்கிறார். தனக்குள் ஆறு செர்ஜியஸ்கள் மாறி மாறி எட்டிப் பார்ப்பதாகவும், அவர்களில் ஒருவன் வீரன், ஒருவன் கோமாளி, ஒருவன் வேஷக்காரன், ஒருவன் கோழை என்றும் அவனே சொல்கிறான். தன்னையே இவ்வளவு கூர்மையாகப் பார்க்கத் தெரிந்தவனை முட்டாளாக நடிப்பது அவனுக்கும் நாடகத்துக்கும் செய்யும் அநீதி. கடைசியில் வேலைக்காரி லூக்காவின் கையை முத்தமிட்டு, கொடுத்த வாக்கிலிருந்து பின்வாங்காமல் அவளை ஏற்கிறானே, அந்த நேர்மையும் அதே வீர இலட்சியத்திலிருந்து பிறந்ததுதான். பின்வாங்கமாட்டேன் என்ற அவனது பல்லவியை, பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் அப்படிப் பேசிய உறுப்பினர் கன்னிங்காம் கிரகாமிடமிருந்து எடுத்துக்கொண்டதாக ஷாவே ஒப்புக்கொண்டிருக்கிறார்.

புளூன்ட்ஷ்லிக்கு நேர்மாறான ஆபத்து உண்டு. எல்லாம் தெரிந்த, எதற்கும் அசராத, ஆசிரியரின் ஊதுகுழலாக அவனை நடித்துவிடுவார்கள். முதல் அங்கத்தில் அவன் மூன்று நாள்களாகச் சுடப்பட்டு, தூக்கமின்றி, பசியோடு, அதட்டினால் அழுதுவிடும் நிலையில் இருப்பவன். அவனது நகைச்சுவை எல்லாம் களைப்பிலிருந்து வருகிறது. குதிரைப்படைத் தாக்குதல் என்பது கண்ணாடி ஜன்னலின் மேல் ஒரு கைப்பிடிப் பட்டாணியை வீசியெறிவது போன்றது என்று அவன் சொல்லும்போதும், முன்னால் வருபவனின் குதிரை அவனை இழுத்துக்கொண்டு ஓடுகிறதே தவிர அவனாக முந்தி வரவில்லை என்று விளக்கும்போதும், புத்திசாலித்தனத்தைக் காட்டும் தொனி துளியும் கூடாது. தச்சர் மரத்தைப் பற்றிப் பேசுவதுபோல, பதினான்கு ஆண்டு வேலை பார்த்த ஒருவர் தம் வேலையைப் பற்றிப் பேசுகிறார், அவ்வளவுதான். செர்பிய இயந்திரத் துப்பாக்கிகளுக்குத் தவறான தோட்டாக்கள் வந்து சேர்ந்ததால்தான் அந்தத் தாக்குதல் வென்றது என்ற செய்தியும் அப்படியே, ஒரு அலுவலகக் குளறுபடியைச் சொல்வதுபோல வர வேண்டும். மூன்றாம் அங்கத்தில், தன் வாழ்வைக் கெடுத்தது தன்னுடைய திருந்தாத கற்பனை மனம்தான் என்று அவன் ஒப்புக்கொள்ளும் இடத்தைப் பலர் வெட்டிவிடுகிறார்கள். சிறுவயதில் இரண்டு முறை வீட்டைவிட்டு ஓடியவன், தந்தையின் தொழிலை விட்டுப் படையில் சேர்ந்தவன், புத்தியுள்ளவன் நிலவறையில் ஒளிந்திருக்கும் நேரத்தில் பால்கனி ஏறியவன் இவன். அந்தப் பகுதி இல்லையென்றால் நாடகம், நடைமுறைவாதி நல்லவன், கனவு காண்பவன் அசடு என்ற தட்டையான பாடமாகச் சுருங்கிவிடும்.

ரெய்னாவைப் பற்றிச் சொல்வதற்கு முன் மொழிபெயர்ப்பைப் பேசியாக வேண்டும். தமிழில் அவளது பாத்திரத்தின் திறவுகோல் அங்கேதான் இருக்கிறது. ஆங்கிலத்தில் எல்லாப் பாத்திரங்களும் ஏறக்குறைய ஒரே மொழித்தளத்தில் நின்று பேசுகின்றன. உயர்ந்த தொனியா, இயல்பான தொனியா என்பதை நடிகரின் குரல்தான் காட்ட வேண்டும். தமிழிலோ எழுத்து நடைக்கும் பேச்சு நடைக்கும் இடையே இருக்கும் இடைவெளியே இந்த நாடகத்தின் கருப்பொருளுக்கு நம் மொழி அளித்த கொடை எனலாம். இரண்டாம் அங்கத்தில் ரெய்னாவும் செர்ஜியஸும் ஒருவரையொருவர் அரசி என்றும் நாயகன் என்றும் போற்றிக்கொள்ளும் காட்சி முழுவதும், தாங்கள் என்ற விளியோடு, நல்ல செந்தமிழில் அமையட்டும். ரெய்னா உள்ளே போன மறுகணமே செர்ஜியஸ் லூக்காவிடம் திரும்பி, இந்த உயர்ந்த காதல் எவ்வளவு அசதி தரும் விஷயம் என்று சொல்லும் வரி பேச்சுத் தமிழில் விழட்டும். 'உயர்ந்த காதல்' என்று நேராகப் பெயர்ப்பதைவிட, நம் காதுக்குப் பழகித் தேய்ந்துபோன 'தெய்வீகக் காதல்' என்பதே பொருத்தம். தேய்ந்த சொல்லாக இருப்பதுதான் இங்கே வேண்டும்.

புளூன்ட்ஷ்லி முதல் வரியிலிருந்தே பேச்சுத் தமிழ்தான். ரெய்னா அவனோடு முதல் அங்கம் முழுவதும் செந்தமிழில் பேசுகிறாள். மூன்றாம் அங்கத்தில், நீங்கள் அந்தக் கம்பீரமான தோரணையில் சிலிர்க்கவைக்கும் குரலில் பேசும்போது வியக்கிறேன், ஆனால் ஒரு சொல்லைக்கூட நம்ப முடியவில்லை என்று அவன் சொல்ல, அவள் முதலில் கொதித்தெழுகிறாள்; பிறகு தோரணை எல்லாம் கழன்று, அவன் அருகே உட்கார்ந்து, எப்படித் தன்னைக் கண்டுகொண்டான் என்று கேட்கிறாள். "எப்படிக் கண்டுபிடிச்சீங்க?" என்ற இந்த ஒரு வரிதான் அவனிடம் அவள் பேசும் முதல் பேச்சுத் தமிழாக இருக்க வேண்டும். இதற்காக இரண்டு அங்கங்கள் காத்திருப்பது வீண்போகாது. அரங்கில் ஒரு பெருமூச்சுக் கேட்கும். ரெய்னாவாக நடிப்பவர் அதுவரை பேசிய செந்தமிழைக் கேலியாக உச்சரிக்காமல் இருக்க வேண்டும் என்பது மட்டுமே நிபந்தனை. தாங்கள் படித்த பைரன், புஷ்கின் கவிதைகளும் புக்கரெஸ்டில் பார்த்த ஆபெராவும்தான் தங்கள் வீரக் கருத்துகளின் ஊற்றோ என்று முதல் அங்கத்திலேயே ஐயப்படுகிறவள் அவள். அந்த ஐயம் அவள் மொழிக்கு அடியில் ஓடிக்கொண்டே இருக்கட்டும்.

நீ, நீங்கள் விஷயத்திலும் கவனம் தேவை. லூக்கா எசமானர்களிடம் நீங்கள் என்பாள். செர்ஜியஸ் அவளை நீ என்பான். ஆனால் அவனைச் சவாலுக்கு இழுக்கும் இடத்தில் அவள் நீ என்று இறங்கிவிடக் கூடாது. மரியாதைச் சொல்லை விடாமல் அவனை மடக்குவதில்தான் அவளது வலிமை இருக்கிறது. வீட்டு வேலைக்காரர் நிக்கோலாவுக்கு அதிகம் சொல்வதற்கில்லை. வீட்டார் சொல்லும் பொய்கள் அனைத்துக்கும் பழியை ஏற்று அதையும் ஒரு முதலீடாகக் கணக்கு வைத்துக்கொள்பவர் அவர், நிதானமான நடிகர் ஒருவர் போதும்.

சாக்லேட் விஷயத்தில் ஒரு சிக்கல் இருக்கிறது. புளூன்ட்ஷ்லியைத் திடீரெனக் கண்ட ரெய்னா தன்னை மறந்து அவனைச் சாக்லேட் கிரீம் சிப்பாய் என்று கூவிவிட்டு, பிறகு அது தான் புட்டிங்கின் மேல் வைக்கச் செய்த அலங்காரப் பொம்மை என்றும், நிக்கோலா அதன் மேல் தட்டுகளை வைத்து நசுக்கிவிட்டான் என்றும் சமாளிக்கிறாள். எனவே நீங்கள் தேர்ந்தெடுக்கும் சொல் மனிதனுக்கும் தின்பண்டப் பொம்மைக்கும் ஒருசேரப் பொருந்த வேண்டும். சாக்லேட் சிப்பாய் என்பது இரண்டுக்கும் பொருந்துகிறது. மிட்டாய் வீரன் என்று தமிழ்ப்படுத்தினால் சிரிப்பு வரலாம், ஆனால் 1885-இல் சாக்லேட் ஒரு பணக்கார வீட்டுப் பண்டம் என்ற செய்தி போய்விடும். தலைப்பு வேறொரு தொல்லை. போர்க்கருவிகளையும் ஒரு மனிதனையும் பாடுகிறேன் என்று தொடங்கும் வர்ஜிலின் இலத்தீன் காவியத்தின் முதல் சொற்களை, டிரைடனின் ஆங்கில வடிவத்தில், ஷா தலைப்பாக்கியிருக்கிறார். காவியத் தொடக்கம் என்ற எதிரொலி தமிழ்த் தலைப்பில் கேட்காது. ஜெர்மன் மொழியில் 'வீரர்கள்' என்ற பொருள்படும் தலைப்பைச் சூட்டிக்கொண்டார்கள். அந்தத் துணிச்சலை நாமும் எடுத்துக்கொள்ளலாம்.

பின்னணியைப் பார்வையாளருக்குத் தர, நிகழ்ச்சித் தாளில் நான்கு வரி போதும். 1885 செப்டம்பரில் பல்கேரியாவும் கிழக்கு ருமேலியாவும் இணைந்தன; அதை ஏற்காத செர்பியா நவம்பரில் படையெடுத்தது; சோஃபியாவுக்கு வடமேற்கே ஸ்லிவ்னித்சாவில் நவம்பர் 17 முதல் 19 வரை நடந்த சண்டையில் பல்கேரியா வென்றது; 1886 மார்ச் 3 அன்று புக்கரெஸ்டில் சமாதானம் கையெழுத்தானது. ஷா இந்தப் போரை ஆராய்ந்து அதிலிருந்து நாடகத்தை எழுதியவர் அல்லர். நாடகத்தை எழுதிய பின், பொருத்தமான ஒரு போர் வேண்டுமென்று நண்பர் சிட்னி வெப்பிடம் கேட்டுப் பெற்றுக்கொண்டார். அதனால் பிழைகளும் உண்டு. செர்ஜியஸ் ரஷ்யத் தளபதிகளைக் குறைசொல்கிறான். உண்மையில் ஒருங்கிணைப்பை விரும்பாத ரஷ்யப் பேரரசர் போருக்கு முன்பே தம் அதிகாரிகளைத் திரும்ப அழைத்துக்கொண்டார், பல்கேரியப் படையை நடத்தியவர்கள் இளம் கேப்டன்கள்.

இங்கே ஷாவோடு எனக்கு ஒரு மனத்தாங்கல் உண்டு. கைகழுவுவதைப் பற்றியும், பல்கேரியாவிலேயே தங்கள் வீட்டில்தான் நூலகம் இருக்கிறது என்றும் பெட்கோஃப் குடும்பம் பெருமையடித்துக்கொள்ளும் நகைச்சுவைகளில், லண்டன்வாசி ஒருவர் பால்கன் நாட்டாரைக் கீழ்நோக்கிப் பார்க்கும் பார்வை ஒட்டிக்கொண்டிருக்கிறது. பல்கேரியர்கள் இந்த நாடகத்தின் மேல் கோபப்பட்டதில் நியாயம் இல்லாமலில்லை. இந்த இடங்களில் நாகரிகம் தெரியாத நாட்டுப்புறத்தாரைப் போல நடிக்காமல், புதுப்பணம் வந்த எந்த ஊர்க் குடும்பமும் காட்டும் மிடுக்கோடு நடித்தால் இழிவு குறையும். மின்மணி வாங்கி மாட்டியிருக்கும் ரெய்னாவின் தாய் காதரீனின் பெருமிதம் நம் ஊரிலும் உள்ளதுதான்.

அரங்கப்பொருள்களில் மூன்றுக்கு மட்டும் உண்மையான உழைப்பு தேவை. முதலாவது, துப்பாக்கி. முதல் அங்கத்தில் தேடவரும் அதிகாரி கவனிக்காமல் போகும் அந்தத் துப்பாக்கி இருக்கையின் மேல் பார்வையாளருக்குத் தெளிவாகத் தெரிய வேண்டும், லூக்காவின் கண் அதில் விழுவதும் தெரிய வேண்டும். பின்னால் அவளுக்கு எல்லாம் தெரிந்திருப்பதன் வேர் அந்தப் பார்வையில் இருக்கிறது. இரண்டாவது, மூன்றாம் அங்கத்து நூலகம்: ஒரே ஒரு அலமாரி, காபிக் கறை படிந்த, அட்டை கிழிந்த நாவல்கள். திரை விலகியதும் யாரும் பேசுவதற்கு முன் ஐந்து விநாடி விட்டுவிடுங்கள். மூன்றாவது, புளூன்ட்ஷ்லி இரவல் வாங்கிப் போன பெட்கோஃபின் பழைய கோட்டும், அவனுக்காக ரெய்னா அதன் பையில் ரகசியமாக வைத்த அவளது நிழற்படமும். தந்தைக்குக் கோட்டு அணிய உதவும் சாக்கில் ரெய்னா படத்தை உருவுவதைப் பார்வையாளர் தவறவிட்டால், பெட்கோஃப் பிறகு பையைத் துழாவும்போது சிரிப்பு எழாது. இதைத் தனியாக இருபது முறையாவது ஒத்திகை பாருங்கள். பால்கனிக்கு வெளியே கேட்கும் துப்பாக்கிச் சத்தம் ஓரிரு வெடிகளோடு நிற்கட்டும். பாட்டு எதையும் சேர்க்காதீர்கள். 1908-இல் வியன்னாவில் ஆஸ்கர் ஸ்ட்ராஸ் இதை ஓர் இசைநாடகமாக்கியபோது, தம் வசனத்தையும் பாத்திரப் பெயர்களையும் பயன்படுத்தக் கூடாது என்று நிபந்தனை போட்டவர் ஷா.

எல்லாவற்றையும்விட முக்கியமான ஓர் இடம் மூன்றாம் அங்கத்தின் நடுவில், ஒளிந்துகொண்டதுபோல இருக்கிறது. ரெய்னாவின் அறையில் ஒளிந்த கதையைப் புளூன்ட்ஷ்லி தன் நண்பன் ஒருவனிடம் சொல்லியிருக்கிறான். அந்த நண்பன் எங்கே என்று கேட்கும்போது, இறந்துவிட்டான், இடுப்பில் குண்டடிபட்டு ஒரு விறகுக் கிடங்கில் நகர முடியாமல் கிடந்தவனை, உங்கள் குண்டுகள் மரத்தில் தீமூட்ட, இன்னும் ஐந்தாறு பேரோடு உயிரோடு எரித்துவிட்டது என்கிறான். ரெய்னா கொடூரம் என்கிறாள். செர்ஜியஸ், எவ்வளவு அபத்தம் என்று தொடங்கி, போர் என்பதே ஒரு மோசடி, காதலைப் போலவே உள்ளீடற்ற வேஷம் என்று வெடிக்கிறான். நாடகத்தில் சாவு கண்ணுக்கு நேராக வருவது இந்த ஓரிடத்தில்தான். சிரிப்பு அலையில் போய்க்கொண்டிருக்கும் நடிகர்கள் இதையும் அதே வேகத்தில் கடந்துவிடுவார்கள், கடக்க விடாதீர்கள். புளூன்ட்ஷ்லி குரலை உயர்த்தாமல், கையில் இருக்கும் வேலையைக்கூட நிறுத்தாமல் சொல்லட்டும். அதன் பிறகு முழு அமைதி. அடுத்த சிரிப்பு தாமதமாக வந்தால் நீங்கள் சரியாகச் செய்திருக்கிறீர்கள் என்று பொருள்.

உரிமை பற்றி ஒரு வார்த்தை. ஷா மறைந்தது 1950 நவம்பர் 2. இந்தியச் சட்டப்படி ஆசிரியர் மறைந்த ஆண்டின் முடிவிலிருந்து 60 ஆண்டுகள் பதிப்புரிமை இருப்பதால், 2011 தொடக்கத்திலிருந்து மூலத்தை இங்கே எவரும் மொழிபெயர்த்து நடிக்கலாம். 70 ஆண்டுகள் உள்ள இலங்கையிலும் பிரிட்டனிலும் 2021 முதல் அதே நிலைதான். ஆனால் வேறொருவர் செய்த தமிழாக்கத்தை எடுப்பதானால் அவரது அனுமதி தனியாக வேண்டும்.

கடைசித் திரையைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். தந்தையின் மறைவால் ஓட்டல்களுக்கு உரிமையாளனாகிவிட்ட புளூன்ட்ஷ்லி, தன்னிடம் 200 குதிரைகளும் 70 வண்டிகளும் 9,600 ஜோடி விரிப்புகளும் போர்வைகளும் இருப்பதாகப் பட்டியல் போட்டு ரெய்னாவைப் பெண் கேட்கிறான். படைகளை அனுப்பும் ஆணைகளை எழுதிய அதே குரலில் இந்தப் பட்டியலும் வர வேண்டும். காதல் குழைவு வேண்டாம். இரண்டு வாரம் கழித்துச் செவ்வாய்க்கிழமை மாலை ஐந்து மணிக்கு வருவதாகச் சொல்லி, வணங்கிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் வெளியேறட்டும். அவன் போன வாசலைப் பார்த்து, இவனும் ஒரு மனிதனா என்று செர்ஜியஸ் வியக்கும் வரியோடு நாடகம் முடிகிறது. அந்த வரியில் ஏளனம் வேண்டாம், பொறாமை கொஞ்சம் இருக்கலாம். கதவு மூடும் ஓசை அடங்கியபின் அதைச் சொல்லச் சொல்லுங்கள். சொல்லி முடித்ததும் விளக்கை அணைத்துவிடுங்கள்.